விருந்தினர் பொறுப்பு

செக் நாடகமும் திரைப்படமும் தோட்ட விருந்தைப் பற்றிக் கூறுவன யாவும் 1989இல் வீழ்ந்த ஓர் ஆட்சியின் கதையே, நமக்கு அதனால் ஆவதென்ன என்று வினவுவோர் நம்மிடையே உளர். இவ்வாதம் மிக வசதியானது, ஆதலின் ஐயுறத்தக்கது.

யான் நெமெத்ஸ் 1966இல் நெறிப்படுத்திய 'விருந்தையும் விருந்தினரையும் பற்றி' என்னும் படத்தை நோக்குக. புல்வெளியில் உண்டு களித்திருக்கும் நடுத்தர வர்க்கத்தார் சிலரை அந்நியர் வழிமறித்து, நிலத்தில் ஒரு கோடு கீறி, அதனுள் நிற்குமாறு பணிக்கின்றனர். அது வெறுங்கோடு. எனினும் தாண்டத் துணிபவர் ஒருவரே, அவரும் தாக்கப்படுகிறார். பின்னர் வெண்ணிற உடையணிந்த விருந்தளிப்பவர் வந்து, நிகழ்ந்ததற்கு வருந்தி, ஏரிக்கரையில் இடப்பட்ட மேசைகளுக்கு அழைக்கிறார். யாவரும் இன்முகத்துடன் அமர்கின்றனர். வேறொருவர் மட்டும் வாய்திறவாது அகன்றுவிடுகிறார். அவரைத் தேடி நாயுடன் புறப்படும் கூட்டத்தை உண்டோர் எவரும் தடுப்பதில்லை. படத்தின் குற்றச்சாட்டு விருந்தளிப்பவரோடு நின்றுவிடவில்லை என்பது மனங்கொள்ளத்தக்கது.

வாட்ஸ்லாவ் ஹாவெலின் 'தோட்ட விருந்து' (1963) நாடகத்து இளைஞனோ, அதிகாரிகளின் வெற்றுச் சொற்றொடர்களைக் கற்று உயர்பதவி எய்துகிறான். வீடு திரும்புகையிற் பெற்றோர்க்கே அவனை அடையாளந் தெரிவதில்லை. (அந்நாடகாசிரியரே 1989இல் சனாதிபதியாகி விருந்தளிக்கும் நிலையை அடைந்தது வரலாற்றின் குறும்பு.)

கொழும்பிலே தோட்டம் என்னும் சொல் வர்க்கத்துக்கேற்பப் பொருள் மாறுவது. கறுவாத்தோட்டம் எனின் மாளிகையும் புற்றரையும். கொட்டாஞ்சேனைத் தோட்டம் எனின் நெருங்கிய வரிசைக் குடியிருப்பு. வெள்ளவத்தையின் பெயரிலும் தோட்டம் உண்டு. இன்று அங்கு புல் முளைக்க இடமில்லை. ஆனால் விருந்துச் சடங்குக்குப் புற்றரை வேண்டியதில்லை. தேசாதிபதி மாளிகையின் அழைப்பிதழைப் பெருமையெனக் கொண்ட அதே மனப்பாங்கு, 1948இன் பின்னர் பிரதம விருந்தினர் என்னும் உருவில் நம் மண்டபங்களிற் குடிபுகுந்தது. மாலை, குத்துவிளக்கு, முன்வரிசை, ஈற்றில் தேநீர். யார் வரவில்லை, ஏன் வரவில்லை என்று தேநீர்க் கோப்பையுடன் நிற்கும் கற்றோர் கேட்பதில்லை. 1956 யூன் 5ஆம் திகதி காலிமுகத்திடற் புல்லிற் சத்தியாக்கிரகத்துக்கு அமர்ந்தோரை எவரும் அழைக்கவில்லை. அவர்களுக்குக் கிடைத்தவை அடிகள்.

நமது சங்கம் நெமெத்ஸின் படத்தைத் திரையிட வேண்டும். பிரதம விருந்தினர் எவரையும் அழையாது திரையிட வேண்டும்.