தண்ணீர் யார் ஊற்றுவது?

விமானத்தில் கொண்டு போகக் கூடாத விஸ்கி ஒன்று உண்டு. கைப்பையிலும் கூடாது, செக்-இன் பெட்டியிலும் கூடாது. 70 சதவிகிதத்துக்கு மேல் ஆல்கஹால் இருந்தால் அதைப் பயணியின் கையில் கொடுத்து மேலே அனுப்புவதில்லை என்பது அமெரிக்க விமானத் துறையின் விதி. 2007-இல் வந்த 'ஜார்ஜ் டி. ஸ்டாக்' என்கிற கென்டக்கி போர்பன் 72.4 சதவிகிதம். இந்த உயரத்துக்குப் போகிற சரக்குக்கு ரசிகர்கள் வைத்திருக்கும் செல்லப் பெயர் 'ஹேஸ்மேட்'. டேங்கர் லாரியின் முதுகில் மண்டை ஓடு போட்டு 'அபாயகரமான பொருள்' என்று எழுதியிருப்பார்களே, அந்தப் பெயர்தான்.

எனக்கு எரிச்சல் இந்தச் செல்லப் பெயரில்தான் ஆரம்பிக்கிறது.

பேரல் ப்ரூஃப், பேரல் ஸ்ட்ரெங்த், காஸ்க் ஸ்ட்ரெங்த் என்று பல பெயர்களில் விற்கிற இந்தப் போர்பனைச் சுற்றி ஒரு கூட்டம் சேர்ந்திருக்கிறது. அவர்களுக்கு நம்பர்தான் எல்லாம். "நேத்து ஒண்ணு அடிச்சேன், 138 ப்ரூஃப்." "அது என்னங்க, என்கிட்ட 142 இருக்கு." தண்ணீர் விட்டால் கேவலம். ஐஸ் போட்டால் துரோகம். கண்ணில் நீர் வழிய, தொண்டையைச் செருமிக்கொண்டே "ஆஹா, என்ன ஸ்மூத்!" என்பார்கள். பச்சை மிளகாயைக் கடித்துவிட்டு உறைக்கவே இல்லை என்று சாதிக்கும் பள்ளிக்கூடத்துப் பையன்களை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அதே ஜாதி. இவர்கள் கையில்தான் அமெரிக்கா தயாரித்த மிக நல்ல பண்டங்களில் ஒன்று மாட்டிக்கொண்டிருக்கிறது.

குடிக்காதவர்கள் பக்கத்தைப் புரட்டிவிட வேண்டாம். வாங்குகிறவனுக்கும் விற்கிறவனுக்கும் நடுவே நடக்கிற வழக்கு இது. பால்காரரிடம் நீங்கள் நடத்தியிருக்கக்கூடிய அதே வழக்கு.

முதலில் போர்பன் என்றால் என்ன? அமெரிக்கச் சட்டம் இதில் ரொம்பக் கறார். தானியக் கலவையில் குறைந்தது 51 சதவிகிதம் மக்காச்சோளம். வடிக்கும்போது 80 சதவிகிதத்தைத் தாண்டக் கூடாது. உள்பக்கம் தீயில் கருக்கிய புத்தம் புது ஓக் பீப்பாயில்தான் ஊற வேண்டும். ஒருமுறை உபயோகித்த பீப்பாயில் இன்னொரு முறை போர்பன் கிடையாது (அதை ஸ்காட்லாந்துக்காரர்கள் சந்தோஷமாக வாங்கிக்கொள்கிறார்கள்). பீப்பாய்க்குள் போகும்போது 62.5 சதவிகிதத்துக்கு மேல் இருக்கக் கூடாது. நிறம் சேர்க்கக் கூடாது, வாசனை சேர்க்கக் கூடாது. பாட்டிலில் அடைக்கும்போது குறைந்தது 40 சதவிகிதம்.

சேர்க்கலாம் என்று அனுமதிக்கப்பட்ட ஒரே பொருள், தண்ணீர்.

(ப்ரூஃப் பற்றி ஒரு வார்த்தை. அமெரிக்க ப்ரூஃபை இரண்டால் வகுத்தால் சதவிகிதம் கிடைத்துவிடும். 100 ப்ரூஃப் என்றால் 50 சதவிகிதம். நம் ஊர் பாட்டிலில் 42.8 சதவிகிதத்தை 75 டிகிரி ப்ரூஃப் என்று போடுவது வெள்ளைக்காரன் விட்டுப்போன பழைய பிரிட்டிஷ் கணக்கு. இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்ளாதீர்கள்.)

பீப்பாய்க்குள் நடப்பது என்ன என்பதுதான் ருசியான விஷயம். கென்டக்கியின் கிடங்குகள் பல மாடி உயரம். தகரம் வேய்ந்தவை நிறைய. கோடையில் மேல்மாடி அடுப்பு. சூடேறும்போது சரக்கு கட்டையின் கரிக்குள் புகுகிறது, குளிரில் வெளியே வருகிறது. புகுந்து புகுந்து வந்ததில் மரத்திலிருந்து வெனிலா வாசனை, வறுத்த சர்க்கரை, கொஞ்சம் தேங்காய், கிராம்பு எல்லாம் இறங்குகின்றன. சிவப்பு நிறம் முழுக்க மரத்தின் தயவு. இதற்கிடையில் ஆவியாகிப் போவதும் நடக்கிறது. ஸ்காட்லாந்தின் ஈரக் குளிரில் ஆல்கஹால் அதிகமாகப் பறப்பதால் வருஷத்துக்கு வருஷம் வீரியம் இறங்கும். கென்டக்கியின் மேல்மாடியில் தலைகீழ். தண்ணீர் முந்திக்கொண்டு ஓடிவிடும். 62.5-இல் உள்ளே போனது எட்டு, பத்து வருஷம் கழித்து 65, 68 என்று ஏறி நிற்கும். கீழ்த்தளத்துப் பீப்பாய் அப்படி ஏறாது, சமயத்தில் இறங்கக்கூடச் செய்யும்.

ஆகவே பேரல் ப்ரூஃப் பாட்டிலில் நீங்கள் பார்க்கும் 63.7, 66.1 போன்ற ஒழுங்கில்லாத எண்கள் அந்தச் சரக்கு எந்த மாடியில், எத்தனை கோடையைப் பார்த்தது என்பதன் தழும்புகள். ஒரு தொகுப்புக்கும் இன்னொன்றுக்கும் எண் மாறும், ருசி மாறும். 40 என்றோ 45 என்றோ உருண்டையாக இருந்தால், கம்பெனிக்காரர் குழாயைத் திறந்திருக்கிறார் என்று அர்த்தம். திறப்பதில் குற்றம் ஒன்றும் இல்லை. எவ்வளவு திறப்பது என்பதை அவரே தீர்மானித்துவிட்டு, விலையையும் அவரே தீர்மானிப்பதுதான் நம் வழக்கு.

ஏன் இதில் இவ்வளவு பிடிவாதம் என்று கேட்பீர்கள். 2013 பிப்ரவரியில் நடந்ததைக் கேளுங்கள். சிவப்பு மெழுகு வழிகிற மூடிக்குப் பேர்போன 'மேக்கர்ஸ் மார்க்' கம்பெனி ஒரு நாள் தன் விசுவாச வாடிக்கையாளர்களுக்குக் கடிதம் எழுதியது. சரக்கு பத்தவில்லை, ஆகவே 45 சதவிகிதத்தை 42 ஆகக் குறைக்கிறோம், ருசியில் வித்தியாசமே தெரியாது, நாங்களே பரிசோதித்துப் பார்த்துவிட்டோம். வாடிக்கையாளர்கள் பிடித்த பிடியில் சுமார் ஒரே வாரத்தில் முடிவை வாபஸ் வாங்கினார்கள். அடுத்த வருஷம், 2014-இல், அதே கம்பெனி தண்ணீர் கலக்காத 'காஸ்க் ஸ்ட்ரெங்த்' பாட்டிலை வெளியிட்டது. வித்தியாசமே தெரியாது என்றவர்கள், தண்ணீர் இல்லாததைத் தனி விலைக்கு விற்க வந்துவிட்டார்கள்! பக்கத்து டென்னசியில் ஜாக் டேனியல்ஸ் (அது தன்னைப் போர்பன் என்று சொல்லிக்கொள்வதில்லை) 90 ப்ரூஃபிலிருந்து 86-க்கும், அங்கிருந்து 80-க்கும் இறங்கியபோது இப்படி முன்கூட்டிக் கடிதம்கூட வரவில்லை.

இனி வீரர்கள் பக்கம் வருவோம். பேரல் ப்ரூஃபைக் கடைக்குக் கொண்டுவந்தவர்களில் முக்கியமானவர் புக்கர் நோ. ஜிம் பீமின் பேரன், அந்த வடிசாலையின் தலைமை வடிப்பாளர், 2004-இல் காலமானார். ஆறு முதல் எட்டு வருஷம் ஊறிய சரக்கைத் தண்ணீர் விடாமல், குளிர வைத்து வடிகட்டாமல் நண்பர்களுக்குப் பரிசாகக் கொடுத்தார். 1980-களின் கடைசியில் அதுவே 'புக்கர்ஸ்' என்று விற்பனைக்கு வந்தது. அந்தப் பெரியவர், ஆஜானுபாகுவான மனிதர், சாப்பாட்டோடு தன் சரக்கை எப்படிக் குடித்தார் தெரியுமா? தாராளமாகத் தண்ணீர் விட்டு. அதற்கு 'கென்டக்கி டீ' என்று பெயர் வேறு.

தயாரித்தவரே தண்ணீர் விட்டுக் குடித்ததை, வாங்கியவன் தண்ணீர் விடாமல் குடித்து மார்தட்டுகிறான். இதற்கு என்ன பெயர் வைப்பது?

தண்ணீர் விட்டால் என்ன ஆகிறது என்பதை நீங்களே பார்க்கலாம். 64 சதவிகிதச் சரக்கை மூக்கருகே கொண்டு போனால் முதலில் வருவது நெடி. மூக்கு மரத்துவிடும். ஒரு ஸ்பூன் தண்ணீர் விட்டுக் கொஞ்சம் பொறுங்கள். பாகு காய்ச்சும் வாசனை எழும். புக்கர்ஸில் என்றால் வறுத்த கடலையும் சேர்ந்துகொள்ளும், கடலை மிட்டாய் கடையைக் கடந்து போகிற மாதிரி. இன்னொரு ஸ்பூன், வேறு வாசனை. ஸ்வீடனின் லின்னேயஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த இருவர் 2017-இல் கம்ப்யூட்டரில் இதை மாதிரியாகச் செய்து பார்த்தார்கள். குவையகால் என்கிற வாசனைப் பொருள், ஆல்கஹால் 45 சதவிகிதம் வரை உள்ள கலவையில் மேற்பரப்பில் வந்து நிற்கிறது. 59-ஐத் தாண்டினால் உள்ளே அமிழ்ந்துவிடுகிறது. தண்ணீர் விடாத வீரன், தான் காசு கொடுத்து வாங்கிய வாசனையைத் தானே மூழ்கடிக்கிறான்.

அப்புறம் தண்ணீரை ஃபேக்டரி ஊற்றினால் என்ன, நாம் ஊற்றினால் என்ன என்று கேட்கலாம். வித்தியாசம் உண்டு. 46 சதவிகிதத்துக்குக் கீழே இறக்கினால் குளிரில் சரக்கு கலங்கும். கலங்கினால் வாடிக்கையாளர் பயப்படுவார் என்று குளிர வைத்து வடிகட்டுகிறார்கள். அதில் வாயில் வழுவழுப்பைத் தரும் கொழுப்புச் சமாசாரங்களும் கொஞ்சம் போய்விடுகின்றன. உங்கள் கிளாஸில் நீங்கள் விடுகிற தண்ணீருக்கு வடிகட்டி கிடையாது. முதல் வாய் 60-இல், அடுத்தது 55-இல், சாப்பாட்டோடு 30-இல் என்று ஒரே பாட்டிலில் மூன்று விஸ்கி. பேரல் ப்ரூஃபின் கவர்ச்சி இந்தச் சுதந்திரம். கணக்காகவும் பாருங்கள்: 64 சதவிகிதத்தில் 750 மில்லி பாட்டில் ஒன்றை 40-க்கு இறக்கினால் 1,200 மில்லி. ஒன்றரை பாட்டிலுக்கும் மேல்.

இந்தக் கணக்குக்கு இன்னொரு முகமும் உண்டு, அதைச் சொல்லாமல் விட்டால் நானும் வீரர்கள் கட்சியில் சேர்ந்தவனாவேன். 64 சதவிகிதத்தில் இரண்டு லார்ஜ், அதாவது 120 மில்லி, நம் ஊர் 42.8-இல் ஒரு முழு குவார்ட்டருக்குச் சமம். "ரெண்டே ரெண்டு ரவுண்டுதான் சார்" என்பவரின் ஈரலுக்கு ரவுண்டு எண்ணத் தெரியாது. எண்ணைப் பார்த்து அளவைக் குறைக்கத் தெரியாதவர் இந்த பாட்டில் பக்கமே போக வேண்டாம். 2025 பிப்ரவரியில் இந்திய அரசு போர்பன் மீதான இறக்குமதி வரியை 150-லிருந்து 100 சதவிகிதமாகக் குறைத்தது. 42.8-ஐயே விஸ்கியின் அளவாகப் பழகிய நம் ஆட்கள் பழக்கதோஷத்தில் அறுபதை ஊற்றிவிடக் கூடாதே என்றுதான் இவ்வளவும் சொல்கிறேன்.

கம்பெனிகளை மட்டும் நல்லவர்களாக்கி விட்டுவிடவில்லை. 'பேரல் ப்ரூஃப்' என்று லேபிளில் போட, பீப்பாயிலிருந்து கொட்டியபோது இருந்ததைவிட 2 ப்ரூஃபுக்கு மேல், அதாவது 1 சதவிகிதத்துக்கு மேல், குறையக் கூடாது என்று 1979-லேயே அமெரிக்க அரசு சொல்லிவிட்டது. நல்ல விதி. ஆனால் அது பின்வாசலைத்தான் காவல் காக்கிறது. முன்வாசல் திறந்து கிடக்கிறது.

எப்படி என்றால், தண்ணீர் இரண்டு முறை சேர்க்கப்படுகிறது. பாட்டிலுக்கு முன்னால் ஒருமுறை, பீப்பாய்க்கு முன்னால் ஒருமுறை. முதல் தண்ணீரைப் பற்றி வீரர்கள் யாரும் பேசுவதே இல்லை. 1962 வரை பீப்பாய்க்குள் போகும் சரக்குக்கு உச்சவரம்பு 110 ப்ரூஃப், 55 சதவிகிதம். அதை 125-க்கு உயர்த்தினார்கள். குறைந்த வீரியத்தில் ஊற வைத்தால் அதே சரக்குக்கு அதிகப் பீப்பாய் வேண்டும், அதிகக் கிடங்கு வேண்டும். வீரியமாக அடைத்துவிட்டுக் கடைசியில் தண்ணீர் ஊற்றினால் செலவு மிச்சம். ஆனால் கட்டையிலிருந்து சர்க்கரையை இழுப்பதில் தண்ணீர் கெட்டிக்காரன். ஆரம்பத்திலேயே உள்ளே போன தண்ணீர் வருஷக்கணக்கில் மரத்தோடு குடித்தனம் நடத்துகிறது, கடைசி நாளில் குழாயிலிருந்து விழுகிற தண்ணீர் நேற்று வந்த விருந்தாளி.

மேக்கர்ஸ் மார்க் இன்றும் 110-இல்தான் அடைக்கிறது. மிக்டர்ஸ் 103-இல். வைல்டு டர்க்கி 115. ஆகவே அவர்களுடைய பீப்பாய்ச் சரக்கு 54, 56, 58 என்று அடக்கமாக நிற்கிறது. வைல்டு டர்க்கியின் 'ரேர் பிரீட்' 58.4 சதவிகிதம்தான். நம்பர் வேட்டைக்காரர்கள் "இவ்வளவுதானா?" என்று உதட்டைப் பிதுக்குகிறார்கள். ஐயா, அது குறை இல்லை, செலவு செய்து வாங்கிய அடக்கம்! 70-ஐத் தொட்ட பாட்டிலுக்கு வரிசையில் நிற்கிறவர் பல சமயம் சூடான மாடிக்கும் சிக்கனமான முதலாளிக்கும் சேர்த்துக் காசு கொடுக்கிறார்.

விலை விஷயத்திலும் இந்த வெறியை முதலாளிகள் நன்றாகவே மோப்பம் பிடித்தார்கள். 2016 டிசம்பரில் புக்கர்ஸின் விலையை ஒரே தாவலில் 100 டாலருக்குக் கொண்டுபோகப் போவதாக அறிவித்தார்கள். வாங்குகிறவர்கள் கூச்சல் போட்ட பிறகு படிப்படியாக ஏற்றுகிறோம் என்று இறங்கி வந்தார்கள். மேக்கர்ஸ் மார்க் விஷயத்திலும் சத்தம் போட்டுத்தான் நியாயம் கிடைத்தது. ஆகவே சத்தம் போடத் தெரியாதவர்கள் இல்லை இந்த ரசிகர்கள். தப்பான எண்ணுக்காகச் சத்தம் போடுகிறார்கள், அவ்வளவுதான்.

இப்போது நிலைமை வேறு. 2013-இல் சரக்கு பத்தவில்லை என்று அழுதவர்களின் கென்டக்கியில் 2025 தொடக்கத்தில் ஒரு கோடியே அறுபது லட்சம் பீப்பாய் போர்பன் ஊறிக்கொண்டிருந்தது. விற்பதற்கு வழி தெரியாமல் ஜிம் பீம் தன் கிளெர்மான்ட் வடிசாலையில் 2026 முழுக்க வடிப்பதை நிறுத்துவதாக அறிவித்துவிட்டது. கிடங்கு இருக்கிறது, காலம் இருக்கிறது, இனி வடிப்பதைக் குறைந்த வீரியத்தில் பொறுமையாக ஊற வைக்கத் தடை ஒன்றும் இல்லை. வெளியே வந்தபோது எவ்வளவு என்று முன்பக்கத்தில் கொட்டை எழுத்தில் போடுகிறீர்களே, உள்ளே போனபோது எவ்வளவு என்று பின்பக்கத்தில் பொடி எழுத்திலாவது போடுங்கள். அதற்கு எத்தனை பேர் கடிதம் எழுதப் போகிறார்கள், பார்ப்போம்.