சம்பாவனைக் கணக்கு

பெங்களூரில் வீட்டு வேலை செய்யும் பெண்மணிக்கு ஆயுத பூஜைக்கோ தீபாவளிக்கோ ஒரு மாதச் சம்பளத்தை அதிகமாகக் கொடுக்க வேண்டும் என்பதில் இன்று அநேகமாக யாருக்கும் சந்தேகமில்லை; கொடுக்க மனமில்லாதவர்கள்கூட, அது வழக்கத்துக்கு விரோதம் என்று அறிந்தேதான் கையை மூடிக்கொள்கிறார்கள். ஆனால் இரண்டாம் பி.யு.ஸி. படிக்கும் பிள்ளைக்கு ஒரு வருஷம் முழுவதும் கணிதம் சொல்லிக்கொடுத்த உபாத்தியாயருக்குப் பேசிய சம்பளத்துக்கு மேல் என்ன செய்வது என்ற பிரஸ்தாபம் வந்தால், கணக்கினாலேயே ஜீவனம் நடத்துகிறவர்கள் நிறைந்த இந்த நகரத்தில், எல்லாரும் ஒரு சால்வை, ஹாவேரி ஏலக்காய் மாலை, ஒரு தட்டுப் பழம் என்று மெதுவாக நழுவிவிடுகிறார்கள். மைசூர்ப் பேட்டா ஒன்றைத் தலையில் வைத்து ஒரு புகைப்படமும் எடுத்துக்கொண்டால் விஷயம் முடிந்தது.

சி.வி.ராமன் நகரில் எங்கள் வளாகத்தில் இந்த வருஷம் அப்படி முடியவில்லை. காரணம், மூன்று வீட்டார் சேர்ந்து ஒரே உபாத்தியாயரை ஏற்பாடு செய்திருந்தார்கள். அவர் ஒரு கல்லூரியில் கணித விரிவுரையாளராக இருந்து ஓய்வு பெற்றவர். பிள்ளைகளுக்கு அவர் ‘ஸார்’, பெரியவர்களுக்கு ‘மேஷ்ட்ரு’. சனிக்கிழமைதோறும் இரண்டு மணி நேரம், மணிக்கு 900 ரூபாய் என்று பேச்சு. முதல் வீட்டுப் பையன் வேறொரு பயிற்சி வகுப்புக்கு ஓட வேண்டியவனாதலால் ஒரு மணி நேரத்தில் எழுந்துவிடுவான். இரண்டாம் வீட்டுப் பையன் ஒன்றரை மணி நேரம் இருப்பான். மூன்றாம் வீட்டுப் பெண் இரண்டு மணி நேரமும் இருந்து, மேஷ்ட்ரு செருப்பை மாட்டிக்கொள்ளும்போதும் ஒரு கேள்வி கேட்பாள். வாரம் 1,800 ரூபாயை மூன்றாகப் பங்கிட்டுத் தலைக்கு 600 என்று கொடுத்துவந்தவர்கள், சம்பாவனையைப் பற்றிப் பேச உட்கார்ந்தபோது, அந்த 600-ஏ நியாயந்தானா என்று முதல் வீட்டார் தொடங்கிவிட்டார்கள். “நீங்கதான் எழுதறவராச்சே, ஒரு நியாயம் சொல்லுங்க ஸார்” என்று என்னிடம் வந்தார்கள். எழுதுகிறவனுக்கும் நியாயத்துக்கும் என்ன சம்பந்தம் என்பது எனக்கு விளங்கவில்லை. எனினும் கணக்கில் எனக்குள்ள பழைய ஆசை விடவில்லை.

இந்தக் கணக்குக்கு நாம் வெகுதூரம் போக வேண்டியதில்லை. இன்றைய கலபுரகி மாவட்டத்தில் மால்கேட் என்று வழங்கும் மான்யகேடத்தை ராஜதானியாகக் கொண்டு ஆண்ட ராஷ்டிரகூட மன்னன் அமோகவர்ஷனுடைய காலத்தில், ஒன்பதாம் நூற்றாண்டின் நடுவில், மகாவீராசாரியர் என்ற ஜைன பண்டிதர் ‘கணித ஸார ஸங்கிரகம்’ என்ற நூலைச் செய்தார். ஒரு தொகையைப் பலருக்கு அவரவர் விகிதப்படி பிரித்துக் கொடுக்கும் முறை, பிரக்ஷேபகம் என்ற பெயரால் அதில் விரிவாக வருகிறது. அதை ஆங்கிலத்தில் பெயர்த்து 1912-ஆம் ஆண்டு சென்னையில் வெளியிட்டவர், பிரசிடென்சி கல்லூரியில் ஸம்ஸ்கிருதப் பேராசிரியராக இருந்த ரங்காசாரியார். அம்முறைப்படி, பிள்ளைகள் இருந்த நேரம் ஒன்று, ஒன்றரை, இரண்டு, கூட்டினால் நாலரை, எனவே 1,800 ரூபாய் முறையே 400, 600, 800 என்று பிரியும். முதல் வீட்டாருக்கு முகம் மலர்ந்தது.

ஆனால் அவர்களுடைய பையனே, எங்கேயோ படித்திருக்கிறான் போலும், இதைவிட நுட்பமான ஒன்றைக் கொண்டுவந்தான். அமெரிக்கக் கணித அறிஞர் லாயிட் ஷேப்லி 1953-இல் எழுதிய ஒரு கட்டுரையில், பலர் கூடிச் செய்யும் காரியத்தில் ஒவ்வொருவருடைய பங்கும் எவ்வளவு என்று காண ஒரு விதியைச் சொன்னார். அவருக்குப் பொருளாதாரத்துக்கான நோபல் பரிசு கிடைத்தது 2012-இல், அது வேறு விஷயத்துக்காக. இந்த விதியை லிட்டில்சைல்ட், ஓவன் என்னும் இருவர் 1973-இல் விமான நிலையத்து ஓடுபாதைச் செலவுக்குப் பொருத்திக் காட்டினார்கள். சிறிய விமானத்துக்குப் பாதையின் முதல் பகுதி போதும். பெரியதற்குத்தான் முழு நீளமும் வேண்டும். ஆகவே முதல் பகுதியின் செலவை எல்லாரும் சமமாகவும், அடுத்த பகுதியை அது தேவைப்படுகிறவர்கள் மட்டும் சமமாகவும், கடைசித் துண்டைப் பெரிய விமானம் ஒன்றே தனியாகவும் ஏற்க வேண்டும். தேவனஹள்ளியில் இறங்கும் விமானங்களுக்கு ஏற்ற இந்த விதியை எங்கள் சனிக்கிழமை வகுப்புக்குப் போட்டால், முதல் மணியின் 900 ரூபாயில் ஆளுக்கு 300. அடுத்த அரைமணியின் 450 ரூபாயில் இருவருக்கு 225 வீதம். கடைசி அரைமணியின் 450 முழுவதும் அந்தப் பெண் வீட்டார் தலையில். ஆக 300, 525, 975. முதல் வீட்டாருடைய சந்தோஷம் இரட்டித்தது. மூன்றாம் வீட்டம்மாள் காபித் தம்ளரைச் சற்று ஓசையோடு கீழே வைத்தார்.

கணிதம் பிழையற்றது, அது நிற்கும் இடந்தான் பிழை. ஓடுபாதை நீளுவதனால் சிறிய விமானத்துக்கு லாபம் ஒன்றுமில்லை என்பது அந்த விதியின் அஸ்திவாரம். வகுப்பறையில் அப்படியா? ஒரு சனிக்கிழமை நான் பத்திரிகை வாங்கப் போனவன் அங்கே சிறிது உட்கார்ந்திருந்தேன். 1/x என்பதைத் தொகையிட்டால் log |x| என்று மேஷ்ட்ரு பலகையில் எழுதினார். முதல் வீட்டுப் பையன் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு எழுந்துவிட்டான். “ஸார், x-க்கு ரெண்டு பக்கமும் அந்த நிக்கிற கோடு எதுக்கு?” என்று அந்தப் பெண் கேட்டாள். பூஜ்யத்துக்கு இடப்பக்கமும் 1/x இருக்கிறதே, அங்கே x-க்கு நேராக log எடுக்க முடியாதே என்று மேஷ்ட்ரு ஒரு படம் போட்டுக் காட்டத் தொடங்கினார். பையன் பையைக் கழற்றாமலே பாதி உட்கார்ந்தான், பிறகு கழற்றினான். மார்க்குக்காக அந்தக் கோடுகளை அதுவரை போட்டுவந்தவன், அவை எதற்கென்பதை அன்றுதான் கேட்டான், கேள்வியோ அவனுடையதன்று. நிதானமாகப் புரிந்துகொள்கிற ஒரு பிள்ளை துணிந்து கேட்கும் கேள்வி, வேகமாகப் புரிந்துகொண்டதாக நினைக்கும் மற்றப் பிள்ளைகளுக்கும் சேர்த்துக் கிடைக்கிற லாபம் என்றிருக்கும்போது, அவளுடைய கேள்விகளுக்கு அவள் வீட்டாரிடமே கூடுதல் வாடகை வசூலிப்பது எந்த ஊர் நியாயம்? ஆகவே கூடி உட்காரும் நேரத்துக்குத் தலைக்கு 600 என்ற பழைய ஏற்பாடே சரி என்றும், முன்னதாக எழுந்து போகிறவன் தன் பொறுப்பில் போகிறான் என்றும் தீர்ப்புச் சொன்னேன். முதல் வீட்டார் அதை விரும்பவில்லை.

இனிச் சம்பாவனை. உபாத்தியாயருக்குப் பணம் கொடுப்பதில் நம் முன்னோர்களுக்கு வீண் கூச்சம் இருந்ததில்லை. பாடம் கேட்கத் தக்கவர் இன்னின்னார் என்று நன்னூலின் பாயிரம் வரிசைப்படுத்தும்போது, தன் மகன், ஆசிரியர் மகன், அரசன் மகன் இவர்களுக்கு அடுத்தபடியாகப் பொருளை நிறையக் கொடுப்பவனைத்தான் வைக்கிறது. வழிபடுகிறவனும், சொன்னதைப் பற்றிக்கொள்ளும் வல்லமையுடையவனும் அவனுக்குப் பின்னால்தான் நிற்கிறார்கள். நன்னூலைச் செய்த பவணந்தி முனிவரும் ஜைனரே. அவரை ஆதரித்த சீயகங்கனோ குவளாலபுரத்துக்கு, அதாவது நம் பக்கத்துக் கோலாருக்கு, உரியவன் என்ற பட்டத்தைத் தாங்கியவன். திண்ணைப் பள்ளிக்கூடத்துக் காலத்தில் நவராத்திரி வந்தால், பிள்ளைகள் வீடு வீடாகப் பாடிக் கோலாட்டம் அடித்து ‘மானம்பூ’ என்று வசூலித்த காசு உபாத்தியாயரைச் சேர்ந்தது. சம்பளம் பற்றாது என்பதை ஊரே அறிந்து, அதற்கு ஊரே ஒரு பண்டிகையை ஒதுக்கிவைத்திருந்தது.

இன்று மூன்று காரியங்கள் இதைச் சிக்கலாக்கியிருக்கின்றன. பள்ளியில் வேலை பார்க்கும் ஆசிரியர் தனியாக டியூஷன் எடுக்கலாகாது என்று 2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் 28-ஆம் பிரிவில் தடுக்கிறது; அவரிடம் உறை நீட்டுவது சம்பாவனையாகாது, அதற்கு வேறு பெயர். பெரிய பயிற்சி நிலையங்கள் 18 சதவீத ஜி.எஸ்.டி.யோடு ரசீது கொடுக்கின்றன. அங்கே சம்பாவனைக்கு இடமே இல்லை. எஞ்சுகிறவர்கள் ஓய்வு பெற்றவர்களும், படித்துவிட்டு வீட்டிலிருக்கும் பெண்மணிகளும், இஞ்சினீயரிங் மாணவர்களுமே.

மூன்றாவது சிக்கல் மார்க்கு. ‘தொண்ணூற்றைந்துக்கு மேல் வந்தால் ஐயாயிரம்’ என்று பேசும் பெற்றோரை நான் அறிவேன். 1910-ஐ ஒட்டிச் சென்னையில் வேலை தேடி அலைந்த ராமானுஜன், எப்.ஏ. பரீட்சைக்குப் போகும் பிரசிடென்சி கல்லூரி மாணவர்களுக்கு டியூஷன் சொல்லிக்கொடுத்துச் சிறிது காலம் கழித்தார். அந்தப் பரீட்சையில் அவரே தேறியவரல்லர். மார்க்குக்கு இவ்வளவு என்று யாராவது அவரோடு பேசியிருந்தால், துறைமுகக் காரியாலயத்தில் 1912-இல் மாதம் 30 ரூபாய்க்குக் குமாஸ்தா வேலை கிடைக்கும்வரை அவர் பட்டினிதான் கிடந்திருப்பார். மார்க்கு பிள்ளையின் உழைப்பு, வினாத்தாள், அன்றைய ஜலதோஷம் எல்லாம் சேர்ந்து விளைவது. அதை உபாத்தியாயரின் கணக்கில் வரவு வைத்தால், குறைந்தபோது பற்றும் எழுதவேண்டி வரும்.

அப்படியானால் எதை அளப்பது? பேசிய மணிக்கு வெளியே அவர் செலவிட்ட நேரத்தைத்தான். இதை அளக்க ஒரு ஸாதனம் எல்லார் கையிலும் இருக்கிறது. இரவு பத்தரை மணிக்கு வாட்ஸப்பில் ஒரு படம் போகிறது: நோட்டுப் புஸ்தகத்தின் ஒரு பக்கம், மூலையில் கட்டைவிரல், கீழே ‘ஸார், டவுட்’. பதினொன்றுக்கு மறுபடம் வருகிறது: பெஸ்காம் பில்லின் பின்புறத்தில், பழைய விரிவுரையாளர்களுக்கே உரிய சாய்ந்த எழுத்தில் ஆறு வரி, நான்காவது வரியின் கீழ் இரட்டைக் கோடு. இந்த அரைமணிக்கு யாரும் சம்பளம் பேசவில்லை. மேலும் இந்த விடை ஒரே தொலைபேசிக்குப் போனது. மற்றவர்கள் அதைக் காணவில்லை. எனவே மகாவீராசாரியர் இங்கேதான் பொருந்துகிறார்.

மூன்று வீட்டுத் தொலைபேசிகளையும் புரட்டிப் பார்த்தோம். முதல் பையன் இரவில் ஒன்றும் கேட்டதில்லை. இரண்டாமவன் கேட்டதைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு அந்தப் பெண் கேட்டிருந்தாள். அத்தனை நேரத்தையும் மணிக்கு 900 என்று பெருக்கினால் வந்த தொகையைக் கேட்டு மூன்று வீட்டாரும் ஒரே குரலில் மூச்சுவிட்டார்கள். இரண்டு மணி நேரமாக அவர்கள் ஒற்றுமைப்பட்டது அப்பொழுதுதான். வேலைக்காரப் பெண்மணிக்குப் பொருந்தும் முறை மேஷ்ட்ருக்கும் பொருந்தட்டும், ஒரு மாதச் சம்பளம் என்று வைத்துக்கொள்வோம் என்றேன். நான்கு வாரத்துக்கு 7,200. அதில் பாதியை மூவரும் சமமாக ஏற்பது, ஏனெனில் அவர் வகுப்புக்கு முன்னால் வீட்டில் உட்கார்ந்து தயார் செய்வது எல்லாருக்கும் பொது. மற்றப் பாதியை இரவுக் கேள்விகளின் விகிதத்தில் இருவர் ஏற்பது. ஆக 1,200, 2,400, 3,600.

“ராத்திரி டவுட்டுக்கெல்லாம் இப்படி பில் போட்டா, எங்க பொண்ணு இனிமே வாயே தொறக்க மாட்டா, ஸார்” என்றார் மூன்றாம் வீட்டுத் தகப்பனார். அன்று பேசப்பட்டவற்றுள் மிகவும் கவனிக்கத் தக்க ஆட்சேபணை அதுதான் என்று எனக்குத் தோன்றிற்று. கேள்விக்கு விலை வைத்தால் பிள்ளை கேள்வியைச் சிக்கனம் செய்யும். அவள் வாயை மூடினால் நஷ்டம் அவளுக்கு மட்டுமன்று என்பதைத்தான் அந்த இரண்டு நிற்கும் கோடுகள் காட்டினவே. ஆகவே மூன்று ஏற்பாடுகள் செய்துகொண்டோம்: கணக்கு வருஷக் கடைசியில் மட்டும் பார்க்கப்பட வேண்டும், பிள்ளைகள் காதில் விழக்கூடாது, மேஷ்ட்ரு கையில் சேர்வது ஒரே உறை, எந்த வீட்டில் எவ்வளவு என்ற குறிப்பில்லாமல். முதல் வீட்டுப் பையனுக்கு மட்டும் எல்லாம் தெரியும். ஷேப்லியைக் கொண்டுவந்தவனுக்கு எதை மறைப்பது?

எப்போது கொடுப்பது என்பதில் நான் விட்டுக்கொடுக்கவில்லை. மார்ச்சில் இரண்டாம் பி.யு.ஸி. பரீட்சை முடிந்த பிறகு, ஏப்ரலில் முடிவு வருவதற்கு முன்பு. பரீட்சைக்கு முன்னால் கொடுத்தால் வேண்டுதல்போல் இருக்கும். முடிவுக்குப் பின்னால் கொடுத்தால் மார்க்கின் விலைபோல் இருக்கும். நடுவிலுள்ள அந்தச் சில வாரங்களில்தான், பிள்ளை தேறுமா என்று கொடுக்கிறவனுக்கும் தெரியாது, வாங்குகிறவனுக்கும் தெரியாது.

வெற்றிலை, பாக்கு, இரண்டு மாதுளம்பழம், உறை இவற்றைத் தட்டில் வைத்துக் கொடுத்தார்கள். மேஷ்ட்ரு, “பேடா, பேடா” (வேண்டாம், வேண்டாம்) என்று கன்னடத்தில் இரண்டு தடவை சொல்லிவிட்டு வாங்கிக்கொண்டார். மூன்றாம் வீட்டில் அந்தப் பெண்ணின் தம்பி ஜூனில் முதல் பி.யு.ஸி.க்கு வருகிறான்; மணிக்கு 900 இனிக் கட்டாது, ஆயிரம் ஆக வேண்டும் என்று காபி குடிக்கும்போதே மேஷ்ட்ரு சொல்லிவிட்டார். அதற்கு யாரும் என்னிடம் கணக்குக் கேட்கவில்லை.