வக்கீல் வீட்டுப் பீரோ

வக்கீல் வீட்டுக்குப் போனவர்கள் அந்தக் கண்ணாடிப் பீரோவைப் பார்க்காமல் இருந்திருக்க முடியாது. ஒரே உயரம், ஒரே பைண்டு, முதுகில் தங்க எழுத்து. "இவ்வளவையும் இவர் படித்திருப்பாரா, அல்லது கட்சிக்காரர்களை மிரட்டுவதற்காக வைத்திருக்கிறாரா?" என்று சந்தேகம் எழுவது சகஜம். இரண்டும் இல்லை. அகராதியை யாராவது முதலிலிருந்து கடைசி வரை படிக்கிறார்களா? வேண்டும்போது வேண்டிய பக்கத்தைப் புரட்டுகிறோம். 'லா ரிப்போர்ட்' என்கிற தீர்ப்புத் திரட்டுகளும் அப்படித்தான்.

சட்டம் பொதுவாகப் பேசும். வழக்கோ தனி மனிதருடையது. இரண்டுக்கும் நடுவே பாலம் போடுவது தீர்ப்பு. ஸுப்ரீம் கோர்ட் வகுத்த சட்டம் நாட்டிலுள்ள எல்லாக் கோர்ட்டுகளையும் கட்டுப்படுத்தும் என்கிறது அரசியல் சட்டத்தின் 141-வது ஷரத்து. ஆனால், அந்தத் தீர்ப்பு எங்கே இருக்கிறது என்று தெரியாவிட்டால் என்ன பிரயோஜனம்?

இதற்காகவே 1875-ல் ஒரு சட்டம் செய்து, மறு வருஷம் முதல் 'இந்தியன் லா ரிப்போர்ட்ஸ்' என்ற சர்க்கார் வெளியீட்டைத் தொடங்கினார்கள். நம் சென்னையில் 1891-ல் 'மெட்ராஸ் லா ஜர்னல்' பிறந்தது. நாகபுரியிலிருந்து வந்த 'ஆல் இந்தியா ரிப்போர்ட்டர்' 1914-ம் வருஷத் தீர்ப்புகளிலிருந்து வரிசையாகக் கிடைக்கிறது.

வக்கீல்கள் "ஏ.ஐ.ஆர். 1950 எஸ்.ஸி. 27" என்று மந்திரம் போலச் சொல்வார்களே, அது வெறும் விலாசந்தான். ஆல் இந்தியா ரிப்போர்ட்டர், 1950-ம் வருஷம், ஸுப்ரீம் கோர்ட் பகுதி, 27-ம் பக்கம். அந்த விலாசத்தில் குடியிருப்பவர் ஏ. கே. கோபாலன்.

கம்யூனிஸ்ட் தலைவரான கோபாலனை விசாரணையின்றிக் காவலில் வைத்திருந்தது சென்னை ராஜ்ய சர்க்கார். அதை எதிர்த்து அவர் ஸுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். காவல் சட்டத்தில் ஒரு பிரிவு மட்டும் செல்லாது என்றார்கள். மற்றபடி அவருக்குத் தோல்விதான். சட்டசபை முறைப்படி இயற்றிய சட்டம் இருந்தால் போதும், அது நியாயமானதா என்று கோர்ட் ஆராய வேண்டியதில்லை என்பது பெரும்பான்மை அபிப்பிராயத்தின் சாரம். ஆறு நீதிபதிகளில் பசல் அலி மட்டும், அடிப்படை உரிமைகளைத் தனித்தனிப் பெட்டிகளில் பூட்டி வைக்க முடியாது, அவை ஒன்றோடொன்று பிணைந்தவை என்று மாறுபட்டு எழுதினார்.

தோற்ற அபிப்பிராயத்தால் அன்று யாருக்கும் லாபமில்லை. ஆனால் ரிப்போர்ட் அதையும் ஒரு வரி விடாமல் அச்சிட்டு வைத்தது. 1970-ல் பாங்குகள் தேசியமயமாக்கப்பட்ட வழக்கில் அந்த வாதம் உயிர் பெற்றது. 1978-ல் மேனகா காந்தியின் பாஸ்போர்ட் வழக்கில், ஒருவருடைய சுதந்திரத்தைப் பறிக்கும் முறை நியாயமாக இருக்க வேண்டும் என்று ஸுப்ரீம் கோர்ட் சொன்னபோது, பசல் அலி ஏறக்குறைய ஜயித்தே விட்டார். இருபத்தெட்டு வருஷம் அந்தக் குரலைக் காப்பாற்றி வைத்தது பீரோதான்!

ஆகவே, சட்ட ஆராய்ச்சி என்பது பழைய தீர்ப்பைத் தேடிப் பிடிப்பதோடு முடிவதில்லை. அதற்குப் பின்னால் அதை யார் ஏற்றார்கள், யார் தள்ளினார்கள் என்றும் பார்க்க வேண்டும். 1950-ல் நின்று விடுகிற வக்கீல், கட்சிக்காரரையும் அங்கேயே நிறுத்தி விடுவார். இன்னொன்று: தீர்ப்பின் தலையில் சிறு எழுத்தில் இருக்கும் சுருக்கம் பத்திரிகை ஆசிரியர் எழுதியது, நீதிபதி எழுதியதல்ல. வழி காட்ட அது உதவும், ஆதாரமாகாது.

இப்போது பீரோ கம்ப்யூட்டருக்குள் போய்விட்டது. ஸுப்ரீம் கோர்ட்டே 2023 முதல் தன் ரிப்போர்ட்டுகளை இணையத்தில் இலவசமாகத் தருகிறது. சௌகரியம் வந்தால் சங்கடமும் கூடவே வருமே! அதே 2023-ல் நியூயார்க்கில், ஒரு விமானப் பிரயாணிக்காக வழக்காடிய வக்கீல்கள், செயற்கை அறிவு இயந்திரம் தந்த தீர்ப்புகளைக் கோர்ட்டில் காட்டினார்கள். பெயர், தொகுதி, பக்கம் எல்லாம் கச்சிதமாக இருந்தன. எதிர்த் தரப்பார் தேடிப் பார்த்தால், அப்படி வழக்குகளே இல்லை! ஐயாயிரம் டாலர் அபராதம்.

இதில் நமக்கு ஒரு பாடம் உண்டு. நிலத் தகராறோ, ஜீவனாம்சமோ, பென்ஷனோ, உங்கள் வழக்குக்கு ஒரு தீர்ப்பைச் சாதகமாகச் சொன்னால் அதன் விலாசத்தைக் கேட்டுக் குறித்துக் கொள்ளுங்கள். "இது இன்றும் நிற்கிறதா, ஸார்?" என்றும் மரியாதையாகக் கேளுங்கள். நல்ல வக்கீல் கோபிக்க மாட்டார். எழுந்து பீரோவைத் திறப்பார்.