சிந்தியாவும் கயல்விழியும்

கங்கைகொண்டானில் ஒரு வீட்டில் திருமுழுக்குக்கு நாள் குறித்திருந்தார்கள். பெற்றோர் தம் மகளுக்குத் தேர்ந்திருந்த பெயர் கயல்விழி. உறவினர் ஒருவர் பொங்கி எழுந்தார். “மீனாட்சி என்பதைத் தமிழாக்கினால் கயல்விழிதானே? பீடத்தின் முன் இப்பெயரைச் சொல்லலாமா? சிந்தியா என்று வையுங்கள். கேட்டவுடனே கிறித்தவப் பிள்ளை என்று தெரியும்” என்றார். கூடியிருந்தோர் தலையசைத்தனர். அந்தத் தலையசைப்பை எதிர்த்தே இதனை எழுதுகிறேன்.

சிந்தியா யார்? ஏஜியன் கடலிலுள்ள தேலோசுத் தீவில் கிந்தோசு என்றொரு குன்று உண்டு. அத்தீவில் பிறந்தவளாகக் கிரேக்கர் கருதிய வேட்டைத் தெய்வம் அர்த்தமி. ‘கிந்தோசு மலையாள்’ என்னும் அவளது பட்டப்பெயரே சிந்தியா ஆயிற்று. எபேசு நகரத்தார் இரண்டு மணி நேரம் வாழ்த்தொலி எழுப்பித் திருத்தூதர் பவுலின் பணியை எதிர்த்தது இந்த அர்த்தமியின் பொருட்டே. நம் பிள்ளைகளுக்கு விருப்பமாய் இடப்படும் ஐரிஸ், வானவில்லாக வந்து தேவர்களுக்குத் தூது சென்றவள். ஐரின், பருவ தேவதையர் மூவருள் அமைதிக்கு உரியவள். ஒரு தெய்வத்தின் சாயலுக்கு அஞ்சியவர் மற்றொரு தெய்வத்தின் பெயரையே கொண்டுவந்து வைத்தார். அது நமக்கு அறிமுகமில்லாத தெய்வம், அவ்வளவே!

இப்பெயர்கள் கூடா என்பதன்று என் வழக்கு. லிஸ்திராவில் மக்கள் தம்மை எர்மசு தெய்வம் என்று கொண்டாடியபோது பவுலடியார் தம் ஆடையைக் கிழித்துக்கொண்டார். அவரே உரோமையருக்கு எழுதிய திருமுகத்தின் இறுதி அதிகாரத்தில், எர்மசு என்னும் பெயருடைய ஒரு சகோதரருக்கு வாழ்த்துக் கூறுகிறார். கடல் முதியவனாகிய தெய்வத்தின் பெயர் தாங்கிய நேரேயுவும் அங்கே வாழ்த்துப் பெறுகிறார். அப்பொல்லோவின் பாட்டியாகச் சொல்லப்படும் தெய்வத்தின் பெயருடைய பெபேயா, கெங்கிரேயாத் திருச்சபையின் திருத்தொண்டர். எவரிடமும் பெயரை மாற்றிக்கொள்ளுமாறு பவுல் கேட்டதாக அங்கே ஒரு வரியும் இல்லை. 304-இல் தெசலோனிக்காவில் மறைச்சாட்சியாய் மாண்ட ஐரினும் அப்பெயருடனேயே புனிதரானார்.

“தேவசகாயம் பெயர் மாற்றிக்கொள்ளவில்லையா?” என்பர். மாற்றிக்கொண்டார், உண்மை. 1745-இல் நம் வடக்கன்குளத்தில் நீலகண்ட பிள்ளை ஏற்றது இலாசர் என்னும் பெயர். ஆனால் ‘கடவுள் உதவினார்’ என்னும் அதன் பொருளை ஆராய்ந்து, இந்நாட்டார் நாவுக்கேற்பத் தேவசகாயம் என்றல்லவா வழங்கினார்கள்? ‘சிறியவர்’ எனப் பொருள்படும் பவுலைச் சின்னப்பர் என்றும், இறையருளைக் குறிக்கும் யோவானை அருளப்பர் என்றும் அழைத்த முன்னோர் பொருளைப் பார்த்தார்கள். நாமோ ஓசையைப் பார்க்கிறோம். அதுவும் ஆங்கில ஓசையை.

1917-இன் திருச்சபைச் சட்டம், பெற்றோர் வேறு பெயர் வைத்தால் பங்குக்குரு ஒரு புனிதரின் பெயரையும் சேர்க்கவேண்டும் என்றது. 1983-இன் சட்டமோ, கிறித்தவ உணர்வுக்கு அந்நியமான பெயர் வேண்டாம் என்பதோடு நின்றுவிட்டது. கயல்விழியில் அந்நியமானது எது? மீன், ஆதித் திருச்சபையின் அடையாளம். இதை அவ்வுறவினரிடம் அன்றே சொல்லத் தவறிவிட்டேன். கங்கையைத் தெய்வமாய்த் தொழுவோர் கோடிக்கணக்கானோர். கங்கைகொண்டான் என்பதோ சைவனாகிய இராசேந்திர சோழனின் விருதுப்பெயர். அதனை முகவரியில் எழுத அவர் ஒருநாளும் தயங்கியதில்லை.

குழந்தைக்கு இப்போது ஆறு மாதம். பங்குப் பதிவேட்டில் அவள் சிந்தியா. பாட்டி மட்டும், யாரும் இல்லாதபோது, கயல் என்று கூப்பிடுகிறாள்.