பேரை எழுது... மாட்டிக்கோ!

கிளாஸ் பெஞ்சில் காம்பஸால் பேரைச் செதுக்கின ஆளா நீங்க? ஜாலிதான். ஆனா, ஹெச்.ஓ.டி. கண்ணில் பட்டால் அதே பேர்தான் சாட்சி! 2,200 வருஷத்துக்கு முன்னால் சீனாவில் சில கலைஞர்களுக்கும் இதே கதை. ஒரே வித்தியாசம்... அங்கே அது விளையாட்டு இல்லை!

கி.மு. 221-ல் எதிரி நாடுகளை எல்லாம் விழுங்கி, சீனாவின் முதல் பேரரசர் ஆனவர் சின் ஷி ஹுவாங். எழுத்து, எடை, அளவு, வண்டி அச்சு... நாடு முழுக்க எல்லாம் ஒரே மாதிரி இருக்கணும்னு ஆர்டர் போட்ட மனுஷன். செத்த பிறகும் காவல் வேணுமே? களிமண்ணில் ஒரு படையே தயாரானது!

1974-ல், ஷியான் நகரத்துப் பக்கம் கிணறு வெட்டிய விவசாயிகளிடம் சிக்கியது அந்தப் படை. சுமார் 8,000 வீரர்கள் இருக்கலாம் என்பது கணக்கு. கை, கால், தலை எல்லாம் தனித்தனியாகச் செய்து பொருத்தியவை. ஆனா, முகங்களைப் பாருங்க... மீசையும் கொண்டையும் பார்வையும் ஆளுக்கு ஆள் வேற!

சரி, செஞ்சது யாரு? சிலைகளின் மேல் முத்திரையாகவும் கீறலாகவும் 80-க்கும் மேற்பட்ட பெயர்கள் கிடைத்திருக்கின்றன. 'அட, ஆட்டோகிராஃப்!'னு நினைச்சுடாதீங்க. பொருளில் செஞ்சவன் பேர் இருக்கணும் என்பது சின் ஆட்சியின் விதி. வேலையில் குறை இருந்தால் யாரைத் தண்டிப்பது என்று தெரியணுமே!

கி.மு. 210-ல் பேரரசர் இறந்தார். ரகசியம் வெளியே போகக் கூடாதுன்னு, கல்லறைக்குள் வேலை பார்த்த கைவினைஞர்களை உள்ளேயே வைத்துக் கதவை மூடிவிட்டார்கள் என்று, சுமார் நூறு வருஷம் கழித்து எழுதிவைத்தார் வரலாற்று ஆசிரியர் சிமா சியன்.

பத்தாயிரம் தலைமுறைக்குத் தன் வம்சம்தான் ஆளும்னு நினைத்தார் சின் ஷி ஹுவாங். பதினைந்தே வருஷத்தில் பேரரசு காலி! அவர் எப்படி இருப்பார் என்று காட்ட, அவர் காலத்துப் படம் ஒன்றுகூட நம்மிடம் இல்லை. ஆனா, அரண்மனைப் பட்டறையில் 'ஜியாங்' என்று ஒருவர் இருந்தார் என்பது நமக்குத் தெரியும். பயமுறுத்திப் போடவைத்த முத்திரைதான் அவரைக் காப்பாற்றி வைத்திருக்கிறது.

அடுத்த முறை பிரமாண்டமா எதையாவது பார்த்து, 'எந்த ராஜா கட்டினது?'ன்னு கேட்பீங்கல்ல... அதோட நிறுத்தாதீங்க ஃப்ரெண்ட்ஸ். 'செஞ்ச ஆள் என்ன ஆனார்?'னும் கேளுங்க!