பெயருக்கும் பிறந்த ஆண்டு உண்டு

குழந்தைக்குப் பெயர் தேடுவோர் கையில் இன்று ஒரு பட்டியல் இருக்கிறது. கடையில் வாங்கிய சிறு நூலாகவோ கைப்பேசிக்கு வந்த கோப்பாகவோ அது இருக்கலாம். ஒவ்வொரு பெயருக்கு எதிரிலும் ஒரு பொருள். சிலவற்றுக்குச் ‘சோழர் காலப் பெயர்’ என்ற குறிப்பும் உண்டு. அது எங்கிருந்து தெரிந்தது என்பது மட்டும் இராது.

சோழர் பெயர்களையே பார்ப்போம். குந்தவைக்குச் சான்று தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டிலேயே இருக்கிறது. அவர் கணவர் வல்லவரையர் வந்தியதேவரும் அதில் இடம்பெறுகிறார். வானதிக்கு அத்தகைய சான்று இல்லை. ராஜேந்திரனின் தாயைக் கல்வெட்டுகள் வானவன் மாதேவி என்கின்றன. வானதி, அந்த அரசிக்குக் கல்கி தம் நாவலில் சூட்டிய பெயர். கோடிக்கரையில் படகோட்டும் பூங்குழலியும் அவர் படைத்தவளே. 1950 முதல் 1954 வரை தொடராக வந்த ‘பொன்னியின் செல்வன்’ தமிழர் வீட்டுத் தொட்டில்கள் வரை வந்து சேர்ந்தது. ஓர் எழுத்தாளருக்கு இதைவிடப் பெரிய சிறப்பு ஏது? அந்தப் பெயர்களுக்கு ஆயிரம் ஆண்டு வயது கூட்டுகிறவர்கள் கல்கியின் பங்கை மறைத்துவிடுகிறார்கள்.

உண்மையான சோழர் காலப் பெண்களின் பெயர்களோ கவனிப்பாரற்றுக் கிடக்கின்றன. பெரிய கோயிலில் ராஜராஜன் குடியமர்த்திய கோயில் ஆடற்பெண்களான நானூறு தளிச்சேரிப் பெண்டுகளின் பெயரும், அவர்கள் எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தார்கள் என்பதும் சுவரில் வரிசையாக வெட்டப்பட்டுள்ளன. சேரமங்கை, எடுத்தபாதம், சோழகுலசுந்தரி என அந்த வரிசை நீள்கிறது. தூக்கிய திருவடியை ஒரு பெண்ணுக்குப் பெயராக வைத்த காலம் அது! அரசியருக்கு அப்பால் சாதாரண மனிதர்கள் எப்படி அழைக்கப்பட்டார்கள் என்பதை இவ்வளவு தெளிவாகச் சொல்லும் ஆவணம் அரிது.

புதிய பெயர் என்பதால் மதிப்புக் குறையாது. தனித்தமிழ்ப் பற்றால் வேதாசலம் மறைமலை ஆனதும், சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற்கலைஞர் ஆனதும் அண்மைக்கால நிகழ்வுகள்தாம். யார் மாற்றினார், ஏன் மாற்றினார் என்பது தெரிந்திருப்பதால் அவை உறுதியாக நிற்கின்றன.

சரிபார்க்க வழி இல்லாமலும் இல்லை. சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளியிட்ட தமிழ் லெக்சிகன், சொற்பொருளோடு அது எந்த நூலில் ஆளப்பட்டது என்பதையும் காட்டுகிறது. நொபொரு கராஷிமா, எ. சுப்பராயலு, தொரு மட்சுய் ஆகிய மூவரும் சோழர் கல்வெட்டுகளில் வரும் பெயர்களைத் தொகுத்து 1978இல் வெளியிட்டார்கள். பெயர்ப் பட்டியல் அச்சிடுவோர் இவற்றைப் புரட்டிப் பார்க்க வேண்டும். பொருளுக்குப் பக்கத்தில் கல்வெட்டா, இலக்கியமா, நாவலா, எந்தக் காலம் என்று ஒரு வரி சேர்த்தால் போதும். சான்று கிடைக்காத பெயருக்கு எதிரே அந்த இடத்தை வெறுமையாகவே விடட்டும்.