ஆத்திரம் என்னும் சால்ஜாப்பு

‘குடும்பத் தகராறில் ஆத்திரமடைந்த கணவர் மனைவியைக் கொன்றார்.’ நம் நாளிதழ்கள் இந்த வரிக்கென்று தனி அச்சே வார்த்து வைத்திருக்கின்றனவோ என்னவோ! பேரும் ஊரும்தான் மாறும். படிப்பவரும் ‘ஒரு நிமிஷம் புத்தி கெட்டுப்போச்சு’ என்று உச்சுக்கொட்டிவிட்டு அடுத்த பக்கம் போய்விடுவார். வீட்டுக்குள் நடக்கும் கொலை திடீரென்று வெடிப்பது என்று அப்படியொரு நம்பிக்கை.

ஜென்னி பாப்பிள்வெல் இயக்கி, 2020-இல் நெட்ஃபிளிக்ஸில் வந்த ‘அமெரிக்கன் மர்டர்: தி ஃபேமிலி நெக்ஸ்ட் டோர்’ ஆவணப்படத்தைப் பார்த்தவர்களுக்கு அந்த நம்பிக்கை ஆட்டம் காணும். 2018 ஆகஸ்டில் கொலராடோவின் ஃபிரெடரிக் என்ற சிற்றூரில், கர்ப்பிணி மனைவியையும் இரண்டு சிறுமிகளையும் ஒருவன் கொன்ற வழக்கு அது. பாப்பிள்வெல் பின்னணிக் குரல் வைக்கவில்லை. மனைவி ஃபேஸ்புக்கில் போட்ட வீடியோக்கள், அவள் அனுப்பிய குறுஞ்செய்திகள், போலீஸாரின் சட்டைக் கேமரா, பக்கத்து வீட்டுக் கேமரா, விசாரணை அறைப் பதிவு, இவற்றையே கோத்திருக்கிறார். செத்துப்போனவளே தன் கதையைச் சொல்கிறாள். அவன் வாரக்கணக்கில் விலகிப் போகிறான், வேறு பெண்ணோடு பழகுகிறான், இவள் தோழிகளிடம் புலம்புகிறாள்.

மாட்டிக்கொண்டதும் அவன் என்ன சொன்னான்? குழந்தைகளை மனைவி கொன்றாள். அதைக் கண்டு வெறியேறி அவளைக் கொன்றுவிட்டேன். அந்தக் கதை நிற்கவில்லை. குற்றத்தை ஒப்புக்கொண்டு ஐந்து ஆயுள் தண்டனை பெற்றான். ஆனால், தப்பிக்கத் தேடியபோது அவன் கைக்கு அகப்பட்டது அதே ஆத்திரம்தான். ஊர் நம்பும் என்று அவனுக்குத் தெரிந்திருக்கிறது.

பிரிட்டனில் ஜேன் மாங்டன் ஸ்மித் என்ற குற்றவியல் பேராசிரியர் துணையின் கையால் நேர்ந்த 372 கொலைகளை ஆராய்ந்து, அவை நிகழும் வழியை 2019-இல் எட்டுக் கட்டங்களாக வரைந்து காட்டினார். கொலை அதில் எட்டாவது. கட்டுப்படுத்துவதும், பிடி நழுவும்போது மிரட்டுவதும், திட்டமிடுவதும் அதற்கு முன்பே வந்துவிடுகின்றன. எட்டாம் படியில் நின்றுகொண்டு ‘திடீரென்று’ என்கிறோமே, மற்ற ஏழு படிகளை ஏறியது யார்?

‘மனுஷனுக்குக் கோபமே வராதா, நம் சட்டமே விலக்கு தருகிறதே’ என்பார்கள். தருகிறது, திடீரென மூண்ட கடுமையான தூண்டுதலுக்கு. கடற்படை அதிகாரி நானாவதியும் 1959-இல் மனைவியின் காதலனைச் சுட்டுவிட்டு அதைத்தான் கேட்டார். உச்ச நீதிமன்றம் 1961-இல் கடிகாரத்தைப் பார்த்தது. வீட்டைவிட்டு அவர் கிளம்பியது பகல் 1.30 மணி, கொலை 4.20 மணி. நடுவில் மனைவியையும் பிள்ளைகளையும் சினிமாக் கொட்டகையில் இறக்கிவிட்டார். கப்பலுக்குப் போய், பொய்க் காரணம் சொல்லி, கைத்துப்பாக்கியும் ஆறு தோட்டாக்களும் வாங்கிக்கொண்டார்.